தயங்காமல் மூழ்க வேண்டும்

ஒரு மனிதன் தானே கட்டிய படகைத் தண்ணீரில் இறக்குகிறான். கழுத்து விறைக்க, கப்பல் தலைவன் கணக்காக மேல்தளத்தில் நிற்கிறான். படகு சரிவில் வழுக்கிக்கொண்டு தண்ணீருக்குள் போகிறது. போய்க்கொண்டே இருக்கிறது. முழங்கால், இடுப்பு, கழுத்து, கடைசியில் தொப்பி மட்டும் மிதக்கிறது. அமெரிக்க மௌனப்பட நகைச்சுவை நடிகரும் இயக்குநருமான பஸ்டர் கீட்டன் 1921-இல் எடுத்த ‘தி போட்’ என்ற இரண்டு ரீல் படத்தின் காட்சி இது. திரையில் பார்க்கச் சில விநாடிதான். எடுக்க மூன்று நாள் பிடித்தது.

ஏன் மூன்று நாள்? மரப்படகு மூழ்காது. நகைச்சுவையைப் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் தாண்டிப் போய்விடும் இடம் இதுதான். காகிதத்தில் ‘படகு நேராகத் தண்ணீருக்குள் போகிறது’ என்று எழுத ஒரு வரி போதும். மரத்துக்கு அந்த வரி புரியாது.

கீட்டனின் ஆட்கள் முதலில் எடை ஏற்றினார்கள். வார்ப்பிரும்புக் கட்டிகளும் தண்டவாளத் துண்டுகளுமாக 1,600 பவுண்டு, நம் கணக்கில் 725 கிலோ. படகு இறங்கியது, தண்ணீரைத் தொட்டதும் வேகம் குறைந்து மெதுவாக ஊர்ந்தது. சிரிப்பு வரவில்லை. அடுத்து, தண்ணீரில் பட்டதும் உடைந்து உள்வாங்கும்படி பின்புறத்தை மாற்றிக் கட்டினார்கள். அது அகப்பை மாதிரி தண்ணீரை அள்ளி உள்ளே விட்டது. பின்பக்கம் அழகாக இறங்கியது, மூக்கு மட்டும் மேலே நின்றது. முன்பகுதியில் காற்று சிக்கியிருந்தது. படகை மறுபடி மேலே இழுத்து, காற்று தங்கக்கூடிய இடத்திலெல்லாம் துளை போட்டார்கள். இந்த முறை மூழ்கியது, ஆனால் மூழ்குவதற்கு முன் ஒரு கணம் யோசித்தது. மரம் மரம்தானே. எவ்வளவு எடை ஏற்றினாலும் மிதக்கும் ஆசை கொஞ்சம் மிச்சம் இருக்கும்.

அந்த ஒரு கணத் தயக்கத்தை ஏற்றுக்கொள்ளாததால்தான் கீட்டன் கீட்டன். கடைசியில் தண்ணீருக்கு அடியில் நங்கூரம் ஒன்றைப் போட்டு, அதில் கப்பி மாட்டி, படகின் பின்புறத்தில் கட்டிய கம்பி வடத்தை அதன் வழியாகச் செலுத்தி, மறுமுனையைச் சட்டகத்துக்கு வெளியே நின்ற இழுவைப் படகில் கட்டினார்கள். படகு மூழ்கவில்லை, இழுத்து மூழ்கடிக்கப்பட்டது. பார்ப்பவருக்கு இதில் ஒன்றும் தெரியாது. நிமிர்ந்து நிற்கும் ஒருவன், துளித் தயக்கமில்லாமல் அவனைக் கைவிடும் ஒரு பொருள். அவ்வளவுதான் தெரியும்.

மௌனக் குறும்படங்களின் அடிதடி நகைச்சுவையில் எது எடுபடுகிறது, எது சொதப்புகிறது என்று பார்த்தால் பெரும்பாலும் இந்தத் தயக்கத்தில்தான் வந்து நிற்கும். பார்வையாளருக்கு முன்பே தெரிந்திருக்க வேண்டும். விழப்போகிறவனுக்குத் தெரியவே கூடாது. பொருள் சொன்ன நேரத்தில், சொன்ன வேகத்தில் வந்து சேர வேண்டும். மூன்றில் ஒன்று பிசகினாலும் பார்ப்பவருக்கு வலிக்கும், அல்லது கொட்டாவி வரும்.

இந்த அமைப்பு சினிமாவோடு கூடவே பிறந்தது. 1895 டிசம்பர் 28 அன்று பாரிஸில் லூமியேர் சகோதரர்கள் காசு வாங்கிக்கொண்டு காட்டிய முதல் காட்சியிலேயே ஒரு தோட்டக்காரன் இருந்தான். ரப்பர் குழாயால் செடிக்குத் தண்ணீர் விடுகிறான். பின்னால் ஒரு பையன் குழாயை மிதிக்கிறான். தண்ணீர் நின்றுபோகிறது. தோட்டக்காரன் குழாயின் வாயை முகத்துக்கு நேராகத் தூக்கிப் பார்க்கிறான், பையன் காலை எடுக்கிறான். ஒரு நிமிடம்கூட ஓடாத படம். பையன் சட்டகத்தின் ஓரத்துக்கு ஓடுகிறான், தோட்டக்காரன் பிடிக்கிறான், பிடித்த இடத்திலேயே அடிக்காமல் கேமராவுக்கு நேராக நடுவில் இழுத்து வந்து அடிக்கிறான். கேமரா நகராது, ஆகவே மனிதர்கள்தான் வர வேண்டும். தெருக்கூத்தில் கட்டியங்காரன் அடி வாங்குவதும் விளக்கு வெளிச்சத்துக்குள் வந்துதானே!

இந்த அடிதடி நகைச்சுவைக்கு ஆங்கிலத்தில் வழங்கும் ‘ஸ்லாப்ஸ்டிக்’ என்ற சொல்லும் மேடையிலிருந்து வந்ததுதான். இத்தாலியக் கோமாளி நாடகங்களில் இரண்டு மரப்பட்டைகளைச் சேர்த்துக் கட்டிய ஒரு மட்டை உண்டு. மெல்லத் தட்டினாலே பட்டைகள் ஒன்றோடொன்று மோதி ‘படார்’ என்று சத்தம் வரும். அடி சின்னது, சத்தம் பெரியது. மௌனப் படத்துக்கு வந்தபோது அந்தச் சத்தம் போய்விட்டது. சத்தம் செய்த வேலையை உடம்பு செய்ய வேண்டியதாயிற்று. இன்று நம் படங்களில் ஒருவர் தலையில் தட்டினால் ‘டொய்ங்’ என்று சேர்க்கிறார்களே, அது அந்த மரமட்டை திரும்பி வந்த கதை. என்னைக் கேட்டால், பல நேரம் அது சோம்பேறித்தனம்.

உடம்பு எப்படி அந்த வேலையைச் செய்தது? வாழைப்பழத் தோல் வழுக்கலையே எடுத்துக்கொள்வோம். நிஜ வாழ்க்கையில் வழுக்குகிறவர் முதலில் கையைப் பின்னால் ஊன்றுவார். நடிகர் செய்யவே கூடாதது அதுதான். நீட்டிய கையில் முழு எடையும் இறங்கினால் மணிக்கட்டு போகும். வால் எலும்பில் நேராக உட்காருவதும் ஆபத்து. முன்கால் வழுக்க, இரண்டு காலும் மேலே வர, முதுகின் மேற்பகுதி அகலமாகத் தரையில் படும்படி இறங்க வேண்டும். முகவாய் மார்போடு ஒட்டியிருக்க வேண்டும், இல்லையென்றால் பின்மண்டை தரையில் மோதும். மூச்சை வெளியே விட்டபடி விழ வேண்டும், அடக்கிக்கொண்டு விழுந்தால் உடம்பு விறைத்துக்கொள்ளும். உள்ளங்கையும் முன்கையும் உடம்புக்குப் பக்கவாட்டில் தரையை ஒரே நேரத்தில் அறைய வேண்டும். அதனால் அதிர்ச்சி பரவிவிடும், விழுந்ததும் பெரிதாகத் தெரியும்.

இவ்வளவும் பழகினால் வந்துவிடும். வராதது ஒன்று, கண்ணை அடக்குவது. அடுத்த அடியில் விழப்போகிறோம் என்று தெரிந்த உடம்பு, அரை விநாடி முன்பே முழங்காலை மடக்கும், தரையை ஓரக்கண்ணால் பார்க்கும். பார்வையாளருக்கு அது என்னவென்று சொல்லத் தெரியாது, ஆனால் சிரிப்பு வராது. தேர்ந்த நடிகர்கள் இதற்கு ஒரு வழி வைத்திருந்தார்கள். கண்ணுக்கு வேறு வேலை கொடுத்துவிடுவார்கள். யாருக்காவது தொப்பியைத் தூக்கி வணக்கம் சொல்வது, கடிதம் படிப்பது, தெருவுக்கு எதிர்ப்பக்கம் போகிறவரை முறைப்பது.

கீட்டனுக்கு இது பாலபாடம். பெற்றோர் மேடைக் கலைஞர்கள். குழந்தையைத் தூக்கி எறிவதுதான் அப்பாவின் ஆட்டம், அதற்கு வசதியாகப் பையனின் உடுப்பில் முதுகுப்பக்கம் பெட்டியின் கைப்பிடி ஒன்று தைத்திருந்தது. விழுந்து எழுந்து தானே சிரித்தால் கூட்டம் சிரிப்பதில்லை என்று சின்ன வயதிலேயே கண்டுகொண்டவர். பிற்பாடு உலகம் பேசிய அந்தக் கல்முகம் அப்படி வந்ததுதான். அவர் எடுத்த ‘தி ஹை சைன்’ படத்தில் வாழைப்பழத் தோல் கீழே கிடக்கும், அவர் நடந்து வருவார், நாம் காத்திருப்போம், வழுக்காமல் கடந்து போய்விடுவார். பார்வையாளருக்கு முன்பே தெரியும் என்பதையே தூண்டிலாகப் போட்ட வித்தை.

இனி கேமரா. அன்றைய கேமராவைக் கையால் சுழற்றுவார்கள். ஒரு சுற்றுக்கு 8 சட்டகம் (சுருளில் பதியும் தனித்தனிப் படம்), விநாடிக்கு 2 சுற்று, ஆக விநாடிக்கு 16 சட்டகம் என்பது பொதுக் கணக்கு. 35 மி.மீ. படச்சுருளில் ஓர் அடிக்கு 16 சட்டகம். ஒரு ரீல் 1,000 அடி. 16 சட்டக வேகத்தில் ஓட்டினால் 16 நிமிடம் 40 விநாடி, 24-இல் ஓட்டினால் 11 நிமிடச் சொச்சம். இரண்டு ரீல் குறும்படம் இன்று ஓரிடத்தில் 19 நிமிடமாகவும் இன்னோரிடத்தில் 25 நிமிடமாகவும் கிடைப்பதற்குப் பல சமயம் காரணம் இதுதான்.

சுற்றுவதை மெதுவாக்கினால் திரையில் வேகம் கூடும். துரத்தல் காட்சிகளுக்கு இது வரப்பிரசாதம். கார் நிதானமாக வந்தாலும் திரையில் பறக்கும். ஆனால் விழும் காட்சிக்கு இது விஷம். கணக்குப் போட்டுப் பாருங்கள்: 3 மீட்டர் உயரத்திலிருந்து விழ நிஜத்தில் சுமார் 0.78 விநாடி ஆகும். 12 சட்டக வேகத்தில் எடுத்தால் 9 சட்டகம்தான் பதியும். அதை 18-இல் ஓட்டினால் அரை விநாடியில் விழுந்து முடிந்துவிடும். மனிதன் எடை இழந்து பொம்மையாகிவிடுவான். எடை போனால் ஆபத்து போச்சு, ஆபத்து போனால் அவன் பிழைத்ததில் நமக்கு என்ன சந்தோஷம்? வேகத்தைக் காட்டிக்கொடுப்பவை மூன்று: புழுதி, தண்ணீர், துணியின் ஓரம். ஓட்டத்தில் கால் வேகமாகத் தெரிந்தால் நம்பிவிடுவோம். கோட்டின் நுனி படபடவென்று துடித்தால் நம்ப மாட்டோம். ‘தி போட்’ படகைச் சின்ன மாதிரியாகச் செய்து தொட்டியில் மூழ்கடித்திருந்தாலும் இதே கதிதான். படகைச் சுருக்கலாம், தண்ணீர்த் துளியைச் சுருக்க முடியாது.

வீட்டில் பார்ப்பவர்களுக்கு ஒரு குறிப்பு. யூடியூபில் கிடைக்கும் பழைய பிரதிகள் பலவற்றை 24 சட்டகத்தில் ஏற்றிவிட்டிருக்கிறார்கள். எல்லோரும் எறும்பு கடித்தது மாதிரி ஓடுவார்கள். ஓடும் வேகத்தை 0.75 என்று மாற்றிப் பாருங்கள், விநாடிக்கு 18 ஆகிவிடும். சார்லி சாப்ளினின் நடை சட்டென்று மனித நடையாகத் தெரியும். புதிதாகச் சீரமைத்து வெளியிட்ட பிரதிகளுக்கு இது தேவையில்லை. அவற்றில் லேசான விறுவிறுப்பு இருந்தால் அது பிழையுமில்லை, எடுத்ததைவிடச் சற்று வேகமாகத் திரையிடுவது அன்றைய வழக்கம்.

அடுத்தது சட்டகத்தின் அளவு. தலை முதல் கால் வரை தெரிய வேண்டும், கூடவே அவன் மோதப்போகும் பொருளும் தெரிய வேண்டும். நெருக்கக் காட்சியில் வலி தெரியும், தூரக் காட்சியில்தான் வேடிக்கை தெரியும். காட்சியை நடுவில் வெட்டி ஒட்டினால் இன்னும் மோசம். மாடியில் ஒருவன் தடுமாறுகிறான், வெட்டு, கீழே விழுந்து கிடக்கிறான் என்றால், இடையில் மெத்தை போட்டிருப்பார்கள் என்று பத்து வயசுப் பிள்ளையும் சொல்லும்.

கீட்டனின் ‘ஒன் வீக்’, 1920 செப்டம்பர் 1-இல் வெளியானது, இதற்குப் பாடப்புத்தகம். புதுமணத் தம்பதிக்குக் கல்யாணப் பரிசாக ஒரு வீடு வருகிறது, பெட்டிகளில். எண்ணைப் பார்த்துப் பார்த்துப் பூட்ட வேண்டிய வீடு. அந்தக் காலத்தில் அமெரிக்காவில் இப்படி வீடு நிஜமாகவே விற்றார்கள். பொறாமைக்காரன் ஒருவன் பெட்டி எண்களை மாற்றிவிடுகிறான். கதவு மாடியில் வருகிறது, கூரை கோணுகிறது, ஜன்னல் சிரிக்கிறது. புயலடிக்கும்போது வீடு அப்படியே ராட்டினம் மாதிரி சுற்றும். அதைச் சுழல்மேடை மேல் கட்டியிருந்தார்கள். கீட்டன் படங்களின் இந்த மாதிரி வேலைக்கெல்லாம் பின்னால் இருந்தவர் ஃபிரெட் கபூரி. அவர் பெயர் ரசிகர்களைத் தாண்டிப் பலருக்குத் தெரிவதில்லை, அநியாயம்.

கடைசிக் காட்சியை மட்டும் நிறுத்தி நிதானமாகப் பார்க்கலாம். தவறான மனையில் வீட்டைக் கட்டிவிட்டார்கள், சரியான மனை ரயில் பாதைக்கு அந்தப் பக்கம். பீப்பாய்களை அடியில் உருட்டி, காரில் கட்டி இழுத்து வருகிறார்கள். தண்டவாளத்தின் மேல் வீடு மாட்டிக்கொள்கிறது. தூரத்தில் ரயில். தள்ளிப் பார்க்கிறார்கள், அசையவில்லை. கண்ணை மூடிக்கொண்டு ஒதுங்குகிறார்கள். ரயில் வருகிறது, வீட்டைத் தொடாமல் பக்கத்துத் தண்டவாளத்தில் போய்விடுகிறது. இரண்டு பாதை இருப்பது கேமரா நின்ற கோணத்தில் தெரியாது. மூச்சு விடுகிறோம். அவர்களும் விடுகிறார்கள். அந்த மூச்சு முழுதாக வெளியே வருவதற்குள் எதிர்த்திசையிலிருந்து இன்னொரு ரயில் வந்து வீட்டை நொறுக்கித் தள்ளுகிறது. நிஜ வீடு, நிஜ ரயில். ஒரே முறைதான் எடுக்க முடியும். வீட்டைக் காட்டி, ரயிலைக் காட்டி, முகத்தைக் காட்டி என்று மூன்றாக வெட்டியிருந்தால் வெறும் விபத்தாகியிருக்கும். ஒரே அகலச் சட்டகத்தில் இருப்பதால் நாம் ஏமாந்தது நமக்கே தெரிகிறது, அதனால் சிரிக்கிறோம். பிறகு அவன் இடிபாட்டில் ‘விற்பனைக்கு’ என்று ஒரு பலகை வைக்கிறான். இரண்டடி நடந்தவன் திரும்பி வந்து, பூட்டும் முறையைச் சொல்லும் தாளையும் அதிலேயே செருகிவிட்டுப் போகிறான்.

பை எறிதலைச் சொல்லாமல் இந்தப் பேச்சு முடியாது. ‘பை’ என்பது மாவு ஓட்டுக்குள் பழமோ கிரீமோ வைத்துச் சுடும் பலகாரம். கடையில் வாங்கிய பையை எறிந்தால் கையிலேயே நொறுங்கும், விரல் ஓட்டைக் குத்திக்கொண்டு உள்ளே போகும். கீட்டன் சொன்ன பக்குவம் வேறு: வெறும் மாவு ஓட்டை இரண்டு அடுக்காக மொறுமொறுவென்று சுட்டுக்கொள்ள வேண்டும், உள்ளே மாவும் தண்ணீரும் குழைத்த பசையை ஓர் அங்குலத்துக்கு ஊற்ற வேண்டும். பசைதான் முகத்தில் ஒட்டும். அதற்கு மேல் போடுவது அடி வாங்குகிறவரைப் பொறுத்தது. வெளிர் தலைமுடி, வெளிர் உடுப்பு என்றால் கறுப்பு நிறத்து பெர்ரிப் பழம். கறுத்த முடி, கறுப்புக் கோட்டு என்றால் வெள்ளைக் கிரீம். கறுப்பு வெள்ளைப் படத்தில் ருசிக்கு இடமில்லை, நிற வேறுபாடுதான் எல்லாம். அன்றைய படச்சுருளுக்குச் சிவப்பு கண்ணில் படாது, கறுப்பாகத்தான் பதியும். நடிகர்கள் முகத்தில் சுண்ணாம்பு அடித்தது மாதிரி வெள்ளை பூசியதும் அதனால்தான். அந்த வெள்ளை முகத்தில் வெள்ளைக் கிரீம் அடித்தால் என்ன தெரியும்?

ஆனால் பை எறிவது 1920-களின் நடுவிலேயே பழைய சரக்காகிவிட்டது. அதற்கு மறுஉயிர் கொடுத்தது லாரல்-ஹார்டியின் ‘தி பேட்டில் ஆஃப் த செஞ்சுரி’, 1927. சுமார் 3,000 பைகள் என்பது அதைப் பற்றி வழக்கமாகச் சொல்லும் கணக்கு. அதன் இரண்டாவது ரீல் முழுதாகக் கிடைக்காமல் பல காலம் போய், 2015-இல்தான் கண்டெடுக்கப்பட்டது. எண்ணிக்கை கிடக்கட்டும், அதன் கணக்கைப் பாருங்கள். ஹார்டி வாழைப்பழத் தோலைப் போடுகிறார், லாரல் வழுக்கி விழுந்தால் இன்சூரன்ஸ் பணம் வரும் என்று. வழுக்குவது பை விற்கிறவன். அவன் திருப்பி அடிக்கிறான், அது வேறொருவர் மேல் படுகிறது, அவருக்கு ஒரு நியாயம் பிறக்கிறது. ஒவ்வொரு பைக்கும் ஒரு நியாயம். நடுவில் ஒரு பெண், நடிகை அனிதா கார்வின், கம்பீரமாக நடந்து வந்து வழுக்கிக் கீழே கிடக்கும் பை மேல் உட்கார்ந்துவிடுகிறார். எழுந்திருக்கிறார். என்ன நடந்தது என்று அவர் முகம் சொல்லாது. ஒரு காலை மட்டும் மெல்ல உதறிவிட்டு நடையைக் கட்டுகிறார். தெருவே பையில் மூழ்கிக்கிடக்கையில் மனதில் தங்குவது அந்த ஓர் உதறல்.

அதே ஜோடியின் ‘பிக் பிசினஸ்’, 1929, எதிர்த்திசையில் போகிறது. இவர்கள் கலிபோர்னியா வெயிலில் கிறிஸ்துமஸ் மரம் விற்கப் போகிறார்கள். ஜேம்ஸ் ஃபின்லேசன் வீட்டுக்காரர். அவர் இவர்கள் காரை உடைக்கிறார், இவர்கள் அவர் வீட்டை உடைக்கிறார்கள். ஒருவர் உடைக்கும்போது மற்றவர் தடுப்பதில்லை. கையைக் கட்டிக்கொண்டு மரியாதையாக நின்று பார்த்து, முடிந்ததும் தன் முறையைத் தொடங்குகிறார். நம் ஊர் குழாயடிச் சண்டையில்கூட இவ்வளவு ஒழுங்கு கிடையாது. துரத்தலின் வேகம் எதுவும் இல்லாமல், மெதுவாகவே ஒரு வீடு தரைமட்டமாகிறது.

இதில் அடிபட்டவர்களும் உண்டு. 1919 ஆகஸ்டில், அன்றைய இன்னொரு நகைச்சுவை நடிகரான ஹெரால்ட் லாயிட் விளம்பரப் புகைப்படத்துக்காகப் பொம்மை வெடிகுண்டின் திரியில் சிகரெட் பற்றவைப்பதுபோல நின்றார். அது பொம்மையாக இல்லை. வலது கையின் கட்டை விரலும் ஆள்காட்டி விரலும் போயின. அதற்குப் பிறகு செயற்கை விரல் பொருத்திய கையுறையோடுதான் நடித்தார், உயரத்தில் தொங்கும் காட்சிகள் உள்பட. மூன்று வருஷம் கழித்து ‘காப்ஸ்’ படத்தில் கீட்டன் தன் வண்டியில் வந்து விழும் வெடிகுண்டில் நிதானமாகச் சிகரெட் பற்றவைத்துவிட்டுத் தூக்கி எறிவார். லாயிடின் கதை தெரிந்தவர்களுக்கு அந்தச் சிரிப்பு தொண்டையில் கொஞ்சம் மாட்டும்.

கீட்டனும் தப்பவில்லை. ‘தி எலெக்ட்ரிக் ஹவுஸ்’ எடுக்கும்போது நகரும் படிக்கட்டில் செருப்பு மாட்டி கணுக்கால் முறிந்தது. படத்தைப் பாதியில் நிறுத்த வேண்டியதாயிற்று. ஓடியாட முடியாத நிலையில் அடுத்து எடுத்த ‘தி ப்ளேஹவுஸ்’ படத்தில்தான் ஒரே மேடையில் ஒன்பது கீட்டன்கள் வரிசையாக நிற்பார்கள். லென்ஸுக்கு முன்னால் ஒரு பெட்டி, அதில் ஒன்பது மெல்லிய கதவுகள். ஒன்றைத் திறந்து ஒரு கீட்டனை எடுப்பது, மூடுவது, சுருளைத் தொடக்கத்துக்குத் திருப்பிச் சுற்றுவது, அடுத்த கதவு. ஒன்பது முறையும் கேமராவைச் சுழற்றும் வேகம் ஒரே சீராக இருக்க வேண்டும், இல்லையென்றால் ஒருவன் ஆடும்போது பக்கத்தில் இருப்பவன் பின்தங்குவான். எட்டாவது முறை பிசகினால் முந்தைய ஏழும் குப்பை. சுழற்றியவர் எல்ஜின் லெஸ்லி. மோட்டார் இல்லை, மணிக்கட்டுதான்.

அடிபடாமல் செய்ததற்கு உதாரணம் வேண்டுமானால் ‘காப்ஸ்’ படத்தின் ஏணி. மதில் மேல் ஏணி குறுக்கே கிடக்கிறது, கீட்டன் நடுவில். ஒரு முனையில் போலீஸ்காரர்கள் தொங்குகிறார்கள், மறுமுனை தூக்குகிறது. அங்கேயும் போலீஸ்காரர்கள் வந்து பிடிக்க, இந்த முனை தூக்குகிறது. சீசா. சிறுவர் பூங்காவில் இருப்பதுதான். நூற்றுக்கணக்கானவர்கள் துரத்தும் படத்தில் பெரிய சிரிப்பு ஒரு ஏணிக்கும் ஒரு மதிலுக்கும் நடுவே கிடைக்கிறது.

‘தி போட்’ படத்தில் அந்தப் படகுக்கு என்ன ஆயிற்று என்று சொல்லாமல் விட்டேன். அது மறுபடி மிதக்கிறது, குடும்பத்தோடு கடலுக்குப் போகிறது, புயலில் உருள்கிறது. கீட்டன் தந்தியில் உதவி கேட்கிறார், எந்தப் படகு என்று அங்கிருந்து கேள்வி வருகிறது. பெயர் ‘டாம்ஃபினோ’. வாய்விட்டுச் சொன்னால் ஆங்கிலத்தில் ‘எனக்கென்ன தெரியும்’ என்று காதில் விழும். விளையாடுகிறான் என்று உதவிக்கு வர வேண்டியவர் விட்டுவிடுகிறார். இந்த முறை படகு கப்பியும் வடமும் கண்ணில் படாமல் நிஜமாகவே போய்விடுகிறது. கும்மிருட்டில், இடுப்பளவுத் தண்ணீரில் ஏதோ ஒரு கரையில் தட்டுகிறார்கள். நாம் எங்கே இருக்கிறோம் என்று மனைவி கேட்கிறாள். கீட்டன் கேமரா பக்கம் திரும்பி ஒரு சொல்லை வாயசைக்கிறார். எழுத்து அட்டை போடவில்லை. தேவையும் இல்லை, உதட்டைப் பார்த்தாலே தெரியும்.